கூரை திறந்ததும் குளிர்ந்த பெட்டி

முதலில் பெட்டியைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். நீளம் நான்கு அடி, அகலம் மூன்று, உயரம் மூன்று. எட்டு மில்லிமீட்டர் கண்ணாடி. மேல்மூடியின் நடுவில் சாப்பாட்டுத் தட்டு அளவுக்கு ஒரு வட்டத் துளை. துளையை மூடித் திறக்க, பக்கவாட்டில் நகரும் ஒரு கண்ணாடிக் கூரை. உள்ளே கால்பந்தைவிடப் பெரிய ஒரு பூமி உருண்டை. பெட்டிக்கு மேலே கம்பியில் தொங்கும் பெரிய விளக்குதான் சூரியன். பெட்டிக்குள் இருக்கும் வெப்பம் முன்பக்கத்தில் சிவப்பு எண்களில் தெரியும். நான் மீன் தொட்டி செய்கிறவன். தண்ணீர் நிற்குமா என்று சோதிக்காமல் நான் கொடுத்த முதல் தொட்டி இது.

வேலை அக்கா மூலமாக வந்தது. அக்கா அறிவியல் காட்சிக்கூடத்தில் விளக்குநர். பள்ளிப் பிள்ளைகள் வரிசையாக வருவார்கள். அவள் ஒவ்வொரு காட்சிப்பொருளின் முன்பும் நின்று விளக்குவாள். ஆறு வருடமாகத் தற்காலிகம். ஒவ்வொரு வருடமும் ஒப்பந்தம் முடியும், பிறகு புதுப்பிப்பார்கள். இடையில் சில நாட்கள் வரும். அந்த நாட்களில் அவள் அங்கே வேலையில் இல்லாமல் வேலை செய்வாள்.

அந்த வருடம் மேலிடத்திலிருந்து ஒரு முடிவு வந்தது. தற்காலிகத்தில் இருப்பவர்களில் ஒருவரை மட்டும் நிரந்தரமாக்கிவிட்டு, மற்றவர்களை அனுப்பிவிடுவது. ஒரு குழு வந்து பார்க்கும். புதிய காட்சிப்பொருளை அக்கா விளக்குவாள். பிடித்திருந்தால் நிரந்தரம். இல்லையென்றால் வீடு. இதற்கு நடுவில் ஒன்றும் கிடையாது.

அக்கா வீட்டில் அந்தச் சமயம் ஒரு சம்பளம்தான் ஒழுங்காக வந்துகொண்டிருந்தது, அது அவளுடையது. மாமா பல் மருத்துவர்களுக்குச் செயற்கைப் பல் செய்து கொடுப்பவர். கையால் செய்வார். மருத்துவர்கள் ஒவ்வொருவராக இயந்திரத்துக்கு மாறிக்கொண்டிருந்தார்கள். மாமா அதைப் பற்றிப் பேசமாட்டார். மேசைமேல் ஒரு தாடை அச்சை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்.

காட்சிக்கூடத்தின் இயக்குநர் நல்ல மனிதர். யாரிடமும் குரலை உயர்த்தமாட்டார். விலங்கியல் படித்தவர். தவளையைப் பற்றி எதைக் கேட்டாலும் சரியாகச் சொல்வார். ஆனால் அங்கே வந்து யாரும் தவளையைப் பற்றிக் கேட்பதில்லை.

அந்த இடத்தில் ஒரு வழக்கம் உண்டு. விளக்கப் பலகையை முதலில் அச்சடிப்பார்கள்; அப்புறம் அதற்கு ஏற்றபடி காட்சிப்பொருளைச் செய்வார்கள். அச்சுக்கான தொகை ஆண்டின் தொடக்கத்திலேயே வந்துவிடும், செலவழிக்காவிட்டால் திரும்பிப் போய்விடும், அதனால். எனவே நான் கண்ணாடி அறுக்கத் தொடங்கும் முன்பே ஆளுயரப் பலகை வந்து சுவரில் ஏறிவிட்டது. அதில் பூமிக்குக் காய்ச்சல் வந்து நெற்றியில் துணி போட்டிருந்தார்கள். கீழே இயக்குநரின் வாசகம்: “ஓசோன் படலத்தில் ஓட்டை விழுந்துவிட்டது. ஓட்டை வழியாக அதிக வெப்பம் உள்ளே வருகிறது. அதனால் பூமி சூடாகிறது. ஓட்டையை அடைப்போம், பூமியைக் குளிர்விப்போம்.”

பெட்டி செய்ய வேண்டிய வேலை ஒன்றே ஒன்றுதான். கூரைதான் ஓசோன் படலம்; அதைத் திறந்தால் சிவப்பு எண் ஏற வேண்டும்.

என் கடையில் பெட்டியை முடித்து, சிலிக்கான் பசை காய்ந்ததும் அக்காவைக் கூப்பிட்டேன். சுற்றிலும் வாலாட்டிக்கொண்டிருந்த மீன்களுக்கு நடுவில் நின்று அவள் விளக்கைப் போட்டாள். எண் ஏறி நாற்பத்தொன்றில் நின்றது. அக்கா கைப்பிடியைப் பிடித்துக் கூரையைத் திறந்தாள்.

நாற்பது. முப்பத்தொன்பது. முப்பத்தேழு.

“என்னடா இறங்குது?”

“திறந்தா இறங்கத்தானேக்கா செய்யும்.”

“ஏறணும்டா. பலகையில ஏறும்னு போட்டிருக்கு.”

“பலகைய நான் செய்யலையே.”

“உன் மீட்டர் கெட்டுப்போச்சு.”

மீட்டரை மாற்றினேன். அதுவும் இறங்கியது. மீன் தொட்டியில் ஒட்டியிருந்த ஒரு மீட்டரைப் பிய்த்து வைத்தேன். அதுவும் மற்ற இரண்டோடு சேர்ந்துகொண்டது.

“இதெல்லாம் மீனுக்கு வைக்கிறது. அதான்.”

“மீனுக்குத் தனியா சூடு இருக்காக்கா?”

மின்விசிறியை நிறுத்தச் சொன்னாள். நிறுத்தினேன். எங்கள் இருவருக்கும் வியர்த்தது, பெட்டிக்குக் குளிர்ந்தது. விளக்கு போதவில்லை என்றாள். பெரிய விளக்கு மாட்டினேன். எண் முன்பைவிட மேலே ஏறியது. கூரையைத் திறந்ததும் அங்கிருந்து இறங்கியது. கண்ணாடி சரியில்லை என்றாள். அப்போது எனக்கும் கொஞ்சம் கோபம் வந்தது.

“கண்ணாடியச் சொல்லாத. வேற என்ன வேணும்னாலும் சொல்லு.”

அவள் ஒரு முக்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்து பெட்டியையே பார்த்தாள். கூரையை மூடினாள், காத்திருந்தாள், திறந்தாள். பிறகு பையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அக்கா இயற்பியலில் முதுகலைப் பட்டம் வாங்கியவள். அந்தப் புத்தகங்கள் அவள் வீட்டுப் பரணில், மாமாவின் பழைய பல் அச்சுகளுக்கு அடியில் இருந்தன. மறுநாள் வந்தபோது அவள் கைகளில் பரண் தூசி ஒட்டியிருந்தது.

“பெட்டி சரியாத்தான் இருக்கு,” என்றாள்.

“அப்பாடா.”

“பலகைதான் தப்பு.”

“அது பெரிய தலைவலியாச்சே.”

“கேளு. ஓட்டை வழியா வர்றது சூடு இல்ல. புற ஊதாக் கதிர். தோலைக் கெடுக்கும், கண்ணைக் கெடுக்கும், பயிரைக் கெடுக்கும். ஆனா பூமி சூடாகுறது அதனால இல்ல. பூமி வெளிய விடுற சூட்டை, கரியமில வாயு போர்வை மாதிரி பிடிச்சு வச்சுக்குது. அதான் சூடு. இது வேற, அது வேற.”

“ரெண்டும் வேற வேற வீட்டுச் சண்டையா?”

அக்கா கொஞ்சம் யோசித்தாள். “முழுசா வேற வீடும் இல்ல. சம்பந்தி வீடு.”

“பொண்ணு யாரு?”

“பழைய ஃப்ரிட்ஜ்லயும் ஏசிலயும் ஓடுன வாயு. கசிஞ்சு வெளிய வந்தா மேல போய் ஓசோனைக் கிழிக்கும். அதோட விடாது. காத்துல இருக்குற வரைக்கும் அதுவே ஒரு போர்வை. கரியமில வாயுவவிட ஆயிரக்கணக்கான மடங்கு அழுத்தமான போர்வை. கத்திரிக்கோலும் அதான், கம்பளியும் அதான். அப்புறம் உலகம் பூரா சேந்து அத நிறுத்திட்டு, வேற வாயு கொண்டுவந்தாங்க. அது ஓசோனைத் தொடாது. ஆனா அதுவும் கம்பளிதான்.”

“மருமகள மாத்தியும் சண்டை தீரலன்னு சொல்லு.”

“பாதி தீந்துச்சு. ஓட்டை மெதுவா மூடிட்டு வருது. இப்ப கம்பளியக் குறைக்கப் பாக்குறாங்க.”

“அப்ப நம்ம பெட்டி இறங்குறது அதனாலயா?”

“இல்லடா. நம்ம பெட்டி இறங்குறது சூடான காத்து மேல கிளம்பிப் போறதுனால. இதுல ஓசோனும் இல்ல, வானமும் இல்ல. இது மீன் தொட்டி.” முக்காலியில் உட்கார்ந்தாள். “ஆனா இது இறங்காம இருந்திருந்தா நான் புத்தகத்த எடுத்திருக்கவே மாட்டேன். இதுக்கு முன்னாடி படம் ஒட்டி வச்சிருந்தாங்க இல்ல, ஓசோன் படம், அதுக்கு முன்னாடி நின்னு ஆறு வருஷமா இதே வாசகத்தத்தான் சொல்லியிருக்கேன்.”

“யாரும் காதுல வாங்கியிருக்க மாட்டாங்கக்கா.”

“வாங்குனாங்கடா. கைதட்டுனாங்க.”

பெட்டியை வண்டியில் ஏற்றிக் காட்சிக்கூடத்துக்குக் கொண்டுபோன அன்று அக்கா இயக்குநரிடம் விஷயத்தைச் சொன்னாள். நான் பெட்டியைத் துடைத்துக்கொண்டு பக்கத்திலேயே நின்றேன். அவர் முழுவதையும் கேட்டார். குறுக்கே பேசவில்லை. கேட்டு முடித்ததும் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

“எங்க வீட்டு மாடியில தகரக் கூரைம்மா. அதுல ஒரு ஓட்டை. அது வழியா வெயில் நேரா சோபா மேல விழுது. சோபா சுடுது. உக்கார முடியல.”

“அது வெயில் சார்.”

“ஓசோன் ஓட்டையில வர்றது?”

“அதுவும் வெயில்ல இருந்து வர்றதுதான் சார், ஆனா…”

“அவ்வளவுதாம்மா. அதைத்தான் நானும் எழுதியிருக்கேன்.”

அக்கா மறுபடி முதலிலிருந்து தொடங்கினாள். சம்பந்தியைச் சொல்லவில்லை, கத்திரிக்கோலையும் கம்பளியையும் சொன்னாள். இயக்குநர் தலையாட்டினார். அவர் தலையாட்டினால் ஒப்புக்கொண்டார் என்று பொருளில்லை. கேட்டுக்கொண்டிருக்கிறார் என்றுதான் பொருள்.

“நீங்க சொல்றது சரியாவே இருக்கட்டும். பலகைய மாத்தணும்னா பலகைக் குழு கூடணும். அது கூடுறதுக்குள்ள இந்தக் குழு வந்து போயிடும். வேலை உங்களுக்கும்மா, எனக்கில்ல. நான் உங்க பேரைத்தான் சொல்லியிருக்கேன்.” பிறகு என் பக்கம் திரும்பினார். “தம்பி, திறந்தா ஏறுற மாதிரி பண்ண முடியுமா?”

“எத்தனை டிகிரி சார்?” என்றேன்.

அக்கா என்னைப் பார்த்த பார்வையை இங்கே எழுத வேண்டியதில்லை. வாடிக்கையாளர் ஒன்று வேண்டுமென்றால் நான் முதலில் கேட்பது அளவு. அது கைப்பழக்கம், வாய்க்கும் வந்துவிட்டது.

பூமி உருண்டையை நடுவில் பிரித்து, உள்ளே பெரிய பல்பு ஒன்றை மாட்டினேன். கூரைக் கண்ணாடி நகரும் தடத்துக்குக் கீழே ஒரு சின்ன பொத்தான். கண்ணாடி நகர்ந்தால் பொத்தான் அழுந்தி பல்பு எரியும். மூடினால் அணையும். வயரை உருண்டையின் தாங்கிக் குழாய்க்குள் விட்டு, மேசைத் துணிக்கு அடியில் கொண்டுபோய், சுவரில் தனி ப்ளக்கில் செருகினேன். வெளிச்சம் கசியாமல் உருண்டைக்கு உள்பக்கம் கறுப்பு அடித்தேன். மீட்டரின் முனையை உருண்டைக்குப் பக்கத்தில் நகர்த்தினேன். திறந்தால் எண் அழகாக ஏறியது, மூடினால் இறங்கியது. யார் பார்த்தாலும் கண்டுபிடிக்க முடியாது. வேலை என்ற அளவில் எனக்கு அதில் குறை தெரியவில்லை.

அக்கா திறந்து பார்த்தாள், மூடிப் பார்த்தாள்.

“நல்லாத்தான் செஞ்சிருக்க.”

“திட்டுறியா, பாராட்டுறியா?”

“ரெண்டும்.”

அன்று இரவுச் சாப்பாடு அக்கா வீட்டில். மாமாவிடம் எல்லாவற்றையும் நான்தான் சொன்னேன். அவள் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மாமா மெதுவாக மென்று விழுங்கிவிட்டுச் சொன்னார்:

“இதுல என்ன இருக்கு? பொய்ப் பல்லும் மெல்லத்தான் செய்யுது.”

“பொய்ப் பல்லுன்னு வாய்க்காரனுக்குத் தெரியும்,” என்றாள் அக்கா.

மாமா குழம்புக் கிண்ணத்தை என் பக்கம் தள்ளினார். கொஞ்ச நேரம் கழித்து, யாரிடமும் சொல்லாதது போல, “நிரந்தரம் ஆயிட்டா அப்புறம் மெதுவா பலகைய மாத்திக்கலாம்,” என்றார். அது நியாயமான யோசனையாகத்தான் எனக்கும் பட்டது. அக்காவுக்கும் பட்டிருக்க வேண்டும்; அவள் மறுக்கவில்லை.

குழுவில் மூன்று பேர். தலைவி ஓய்வுபெற்ற பொறியாளர், பாலம் கட்டியவர். பார்க்கும் எல்லாவற்றையும் விரலால் தட்டிப் பார்ப்பார். இரண்டாமவர் கணக்கு அதிகாரி. மூன்றாமவர் யாரென்று கடைசிவரை தெரியவில்லை, எல்லாவற்றுக்கும் சிரித்தார். கூடம் வெறிச்சென்று இருக்கக் கூடாது என்று இயக்குநர் ஒரு பள்ளியிலிருந்து வகுப்பு ஒன்றையும் ஆசிரியையோடு வரவழைத்திருந்தார். கண்ணாடியில் விரல் பட்டால் துடைக்க நான் துணியோடு ஓரமாக நின்றேன்.

அக்கா விளக்கினாள். குரல் தெளிவாக இருந்தது. விளக்கைப் போட்டாள், எண் முப்பத்தெட்டில் நின்றது. கூரையைத் திறந்தாள். முப்பத்தொன்பது, நாற்பது, நாற்பத்திரண்டு. பிள்ளைகள் கைதட்டினார்கள். மூடினாள். இறங்கியது. மறுபடி கைதட்டினார்கள்.

“பார்த்ததுமே புரியுது,” என்றார் கணக்கு அதிகாரி. மூன்றாமவர் சிரித்தார். தலைவி கண்ணாடியை ஒருமுறை தட்டிப் பார்த்துவிட்டு, தாளில் எதையோ குறித்தார். குறித்த விதத்தைப் பார்த்தால் நல்லதாகத்தான் இருந்தது. இயக்குநர் என்னைப் பார்த்துக் கண்ணை மூடித் திறந்தார். முடிந்தது. குழு அடுத்த அறைக்குப் போகத் திரும்பியது. அக்கா இனி ஒன்றும் செய்ய வேண்டியதில்லை. நின்ற இடத்தில் நின்றால் போதும்.

அப்போது ஆசிரியை வகுப்பைப் பார்த்து, “பலகையில இருக்கிறத எழுதிக்கோங்க, பரீட்சைக்கு வரும்,” என்றார்.

பிள்ளைகள் எல்லோரும் தரையில் உட்கார்ந்து எழுதத் தொடங்கினார்கள். சிலர் வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே எழுதினார்கள். ஓட்டை வழியாக. அதிக வெப்பம். அக்கா அந்தக் குனிந்த தலைகளைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள். அவளை எனக்குச் சின்ன வயதிலிருந்து தெரியும்.

“எழுதாதீங்க,” என்றாள்.

பென்சில்கள் நின்றன. குழுவும் நின்றது.

“கொஞ்சம் இங்க பாருங்க. மேடம், நீங்களும்.”

கூரையைத் திறந்தாள். எண் ஏறியது. பிறகு மேசைத் துணியை விலக்கி, வயரைத் தேடிப்பிடித்து, ப்ளக்கைப் பிடுங்கினாள். எண் நாற்பத்தொன்றாயிற்று. நாற்பது. முப்பத்தெட்டு. முப்பத்தாறில் போய் நின்றது.

“பூமிக்குள்ள ஒரு பல்பு இருக்கு,” என்றாள் அக்கா. “அதனாலதான் ஏறுச்சு. பல்பு இல்லன்னா திறந்தா இறங்கும். பலகையில இருக்கிறது தப்பு. நானும் ஆறு வருஷமா அதைத்தான் சொல்லியிருக்கேன். ஓட்டை வழியா சூடு வரல.”

முதலில் வாயைத் திறந்தவர் கணக்கு அதிகாரி. அவர் எண்ணைப் பார்த்தார், கூரையைப் பார்த்தார், ஒரு கணக்குப் போட்டார்.

“ஓட்டை இருந்தா குளிருதுன்னா, ஓட்டையப் பெருசாக்கிட வேண்டியதுதானே?”

ஆசிரியை தன் கையேட்டைத் திறந்தார். அதையும் எழுதிக்கொள்ளப் போகிறாரோ என்று எனக்குப் பயம்.

“நல்ல கேள்வி சார்,” என்றாள் அக்கா. “இந்தப் பெட்டியில இறங்குறதுக்குக் காரணம் சூடான காத்து வெளிய போறது. வானத்துல அப்படி ஓட்டை வழியா காத்து வெளிய போகாது. இருந்தாலும் நீங்க கேட்டதுல கொஞ்சம் உண்மை இருக்கு. ஓசோன் குறைஞ்ச இடத்துல மேல் வானம் கொஞ்சம் குளிரத்தான் செய்யுது.”

“அதைத்தான் சொன்னேன்,” என்றார் அவர்.

“ஆனா ஓட்டையப் பெருசாக்க எதைத் தூவுவீங்க? ஓசோனைக் கிழிக்கிற வாயுவத்தானே? அந்த வாயு தானே ஒரு கம்பளி. ஓட்டை குளிர வைக்கிறதவிட, ஓட்டை போட்ட வாயு அதிகமா சூடாக்கும். அதோட தோலும் கண்ணும் பயிரும் போகும்.”

“ரெண்டு பக்கமும் நஷ்டம்.”

“ஆமா சார். அதேபோல, அந்த வாயுவ நிறுத்துனதுல ரெண்டு பக்கமும் லாபம். ஓட்டையும் மூடிட்டு வருது, ஒரு கம்பளியும் குறைஞ்சது. அதுக்குப் பதிலா வந்த புது வாயு ஓசோனைத் தொடாது, ஆனா கம்பளிதான். அதையும் குறைக்கணும். ரெண்டுக்கும் உள்ள சம்பந்தம் இதான். ஓட்டை வழியா வெயில் வர்ற சம்பந்தம் இல்ல.”

கணக்கு அதிகாரிக்கு லாப நஷ்டத்தில் சொன்னது பிடித்துவிட்டது. தலையை மேலும் கீழும் அசைத்தார். மூன்றாமவர் முதல்முறையாகச் சிரிக்காமல் பெட்டியைப் பார்த்தார். இயக்குநர் கண்ணாடியைக் கழற்றிவிட்டார். துடைக்கவில்லை, கையிலேயே வைத்திருந்தார்.

தலைவி குனிந்து வயரை எடுத்தார். தாங்கிவரை அதைப் பின்தொடர்ந்து போய், உருண்டையை விரலால் தட்டினார்.

“யாரு வச்சது?”

நான் துணியைப் பிடித்திருந்த கையை உயர்த்தினேன்.

“நல்ல வேலை,” என்றார். பிறகு அக்காவிடம், “எந்த வயர் எங்க போகுதுன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?”

“பூட்டும்போது பக்கத்துல இருந்தேன் மேடம்.”

“இங்க மத்ததுல எல்லாம் வயர் எங்க போகுதுன்னு தெரியுமா?”

“தெரியும் மேடம். அடிக்கடி நின்னு போகும். நான்தான் சரிபண்ணுவேன்.”

தலைவி தாளில் முன்பு குறித்ததை அடித்துவிட்டு வேறு ஏதோ எழுதினார். மூவரும் அடுத்த அறைக்குப் போனார்கள். இயக்குநரும் பின்னாலேயே போனார். பிள்ளைகள், எழுதியதை என்ன செய்வது என்று கேட்டார்கள். அக்கா அவர்களை உட்கார வைத்து அடிக்கச் சொன்னாள். பிறகு புதிதாக எழுத வைத்தாள். அது முடியும்வரை ஆசிரியை வாசலில் நின்று பேருந்து ஓட்டுநருக்குச் சமாதானம் சொல்லிக்கொண்டிருந்தார்.

வீட்டில் அடுத்த சில வாரங்கள் எப்படி இருந்தன என்று கேட்காதீர்கள். மாமா ஒன்றும் சொல்லவில்லை. சொல்லாமலிருப்பதையே அக்காவுக்குக் கேட்கும்படி செய்தார். ஒருநாள் அவர் மேசையில் ஒரு முழுப் பல் செட்டை முடித்து வைத்துவிட்டு, “நீ செஞ்சது சரிதான்,” என்றார். “ஆனா சரியானத ஒரு வாரம் கழிச்சுச் செஞ்சிருக்கலாம்.”

“அந்தப் பிள்ளைங்க ஒரு வாரம் கழிச்சு வந்திருந்தா செஞ்சிருப்பேன்,” என்றாள் அவள்.

பிறகு உத்தரவு வந்தது. அக்கா நிரந்தரம். நாங்கள் இருமுறை படித்த பிறகுதான் முழுவதும் புரிந்தது. அவள் நிரந்தரமானது விளக்குநராக அல்ல, பராமரிப்பாளராக. காட்சிப்பொருள்களின் உள்ளமைப்பை அறிந்த ஒரே ஊழியர் என்பதால், என்று காரணம் போட்டிருந்தது. விளக்குநர் என்ற பதவியே இனிக் கிடையாது. ஒவ்வொரு காட்சிப்பொருளின் முன்பும் ஒரு பொத்தான் வைக்கப்படும். அழுத்தினால் இயக்குநரின் குரல் பேசும்.

“அப்ப நீ பேசக் கூடாதா?” என்றேன்.

“பேசக் கூடாதுன்னு எங்கயும் போடல. பேசணும்னும் போடல.”

இயக்குநர் குரல் பதிவு செய்தார். ஓசோனுக்குப் பலகையில் இருந்ததையே படித்தார். பலகைக் குழு இன்னும் கூடவில்லை. பொத்தானும் ஒலிபெருக்கியும் பொருத்தப்பட்டன. அவற்றைப் பராமரிப்பது அக்காவின் வேலை.

அவள் தன் வேலையை முறையாகத் தொடங்கினாள். முதல் வாரமே பலகையில் தூசி இருப்பதாகக் கண்டு, துடைப்பதற்காகக் கழற்றினாள். பெரிய பலகை, அவசரப்பட்டுத் துடைத்தால் கீறல் விழும். அது பண்டக அறையில் சுவரைப் பார்த்துச் சாய்ந்திருக்கிறது. அதன் இடத்தில் ஒரு தாளில் சில வரிகள் எழுதி ஒட்டி, மேலே ‘தற்காலிகம்’ என்று போட்டாள். பல்பின் வயர் பாதுகாப்பில்லை என்று எடுத்துவிட்டாள். ஒலிபெருக்கியில் இரைச்சல் வருவதாகத் தெரிந்து, அதைத் திறந்து வைத்தாள். அது திறந்தபடியே இருக்கிறது. ஒரு பள்ளி வரும்போதெல்லாம் அக்கா ஸ்க்ரூடிரைவரோடு அதன் முன்னால் இருப்பாள். பிள்ளைகள் பொத்தானை அழுத்துவார்கள், சத்தம் வராது, அவளிடம் கேட்பார்கள். கேட்டவர்களுக்குப் பதில் சொல்லாமலிருப்பது மரியாதையில்லை.

போன மாதம் பெட்டியின் ஒரு மூலையில் சிலிக்கான் விட்டுப்போனதால் என்னை வரச்சொன்னாள். நான் பின்பக்கம் குனிந்து ஒட்டிக்கொண்டிருந்தேன். முன்பக்கம் ஒரு வகுப்பு. அக்கா ஒலிபெருக்கியின் திருகு ஒன்றைத் திருப்பியபடி கம்பளிக் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தாள். பிள்ளைகளுக்குப் பின்னால் இயக்குநர் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். முடியும்வரை நின்றார். தலையாட்டவில்லை. பிறகு சுற்றிவந்து என் பக்கத்தில் குனிந்தார்.

“இன்னும் சரியாகலையா அந்த ஒலிபெருக்கி?” என்றார், அக்காவுக்கும் கேட்கும்படி.

“ஆயிட்டிருக்கு சார்,” என்றாள் அவள் முன்பக்கத்திலிருந்து.

அவர் குரலைத் தாழ்த்தினார். “தம்பி, புதுசா ஒரு பெட்டி வேணும். அந்தக் கம்பளி விஷயத்தக் காட்டுற மாதிரி.”

“பலகை என்ன சொல்லுது சார்? அதுக்கேத்த மாதிரி பண்ணிடலாம்.”

“பலகை எழுதல.” கண்ணாடியைக் கழற்றி, சட்டை நுனியால் துடைத்து, மாட்டிக்கொண்டார். “இந்தத் தடவை நீங்க முதல்ல பெட்டியச் செஞ்சு கொண்டுவாங்க. அது என்ன பண்ணுதுன்னு பாத்துட்டு எழுதிக்கலாம்.”

“அச்சுக்கு வந்த தொகை திரும்பிப் போயிடுமே சார்?”

“போகட்டும்,” என்றார்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அக்காவின் ஸ்க்ரூடிரைவர் ஒரு நொடி நின்றது. பிறகு அவள் அந்தத் திருகை மறுபடி தளர்த்திவிட்டு, “வேற யாருக்கு என்ன கேக்கணும்?” என்றாள்.